கடல் விலகிய துறை

ஊர்ப் பெயர்களைப் போல் உண்மை பேசும் சாட்சிகள் வேறில்லை. கல்வெட்டு சிதையும்; ஏடு செல்லரிக்கும்; அரண்மனை மண்மேடாகும். ஆனால் உழவனும் ஓடக்காரனும் ஓர் இடத்துக்கு இட்ட பெயர், அந்த இடத்தின் தோற்றமே மாறிய பின்னரும் மக்கள் நாவில் வாழ்ந்துகொண்டிருக்கும். இலங்கையின் கிழக்குக் கரையிலுள்ள சம்மாந்துறை இதற்கு ஏற்ற எடுத்துக்காட்டு. பெயரிலே துறை இருக்கிறது. ஊரிலோ கப்பல் இல்லை, கடல் இல்லை, கரையில் மோதும் அலையும் இல்லை. எத்திசை நோக்கினும் நெல் வயல்களே கண்ணுக்கெட்டிய தூரம் பரந்து கிடக்கின்றன. அங்ஙனமாயின் இந்த ஊருக்குத் துறை என்ற பெயர் எங்ஙனம் வாய்த்தது? இங்கே வந்தடைந்த கப்பல்கள் எவை? அவற்றைத் தாங்கிய நீர் எங்கே போயிற்று?

இவ்வினாக்களுக்கு விடை காணப் புகுந்தால், ஒரு சிற்றூரின் கதை மட்டுமன்றி, ஒரு நாட்டின் புவியியலும் அங்கு வாழும் மக்களின் வரலாறும் எவ்வாறு ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கின்றன என்பதும் விளங்கும்.

மணலும் சேறும்

மட்டக்களப்பு நகரிலிருந்து தெற்கு நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலை, இருபுறமும் நீர் சூழ்ந்த நீண்ட மணல் மேட்டின்மீது ஓடுகிறது. கிழக்கே வங்காள விரிகுடா. மேற்கே மட்டக்களப்பு வாவி. காத்தான்குடி, ஆரையம்பதி, களுவாஞ்சிகுடி என்று ஊர்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டே இருக்கின்றன. தென்னந்தோப்பின் நடுவே ஒரு கோபுரம். அடுத்த திருப்பத்தில் ஒரு பள்ளிவாசல். சற்றுத் தள்ளி ஒரு தேவாலயம். நெசவுக்குப் பேர்போன மருதமுனையைத் தாண்டிப் பாண்டிருப்பை அடைந்தால், தீமிதிப்புக்குப் புகழ்பெற்ற திரௌபதை அம்மன் கோயில். அதற்கு அப்பால் கல்முனை. அங்குள்ள கடற்கரைப் பள்ளியில், நாகூரில் அடங்கியிருக்கும் சாகுல் ஹமீது ஆண்டகையின் பெயரால் ஆண்டுதோறும் கொடியேற்றுகின்றனர். சோழநாட்டுக் கரையும் ஈழத்துக் கிழக்குக் கரையும் ஒரே கடலின் இரு கரைகள் என்பதை அந்தக் கொடி நினைவூட்டும்.

சாய்ந்தமருதைக் கடந்து காரைதீவுச் சந்தியை அடைந்ததும், அம்பாறைக்குச் செல்லும் வீதி மேற்கே திரும்புகிறது. முத்தமிழ்ப் பேராசான் விபுலாநந்த அடிகளார் 1892ஆம் ஆண்டில் பிறந்த ஊர் இந்தக் காரைதீவு. ஈண்டுதான் பயணி ஒரு பெரிய மாற்றத்தைக் காண்கிறான். அதுவரை காலின்கீழ் இருந்த வெண்மணல் மறைகிறது. தென்னை பின்தங்குகிறது. வீதியின் இருமருங்கும் தாழ்ந்த சேற்று நிலம். அதில் நெற்பயிரும் ஆங்காங்கே ஆம்பலும் பன்னும். மாவடிப்பள்ளியைத் தாண்டிச் செல்லும் இத்தாழ்நிலத்தின் மறுகரையில், சற்றே மேடான பூமியில் சம்மாந்துறை அமைந்திருக்கிறது. கடற்கரைச் சாலையிலிருந்து சில கிலோமீற்றர் தூரமே; ஆயினும் நெய்தலை விட்டு மருதத்துள் புகுந்த உணர்வு உண்டாகும்.

அவ்வீதியில் நான் சென்ற பேருந்தில் அருகே அமர்ந்திருந்த முதியவர் ஒருவர், தலையில் தொப்பியும் மடியில் உரப்பையுமாக வந்தவர், நான் வெளியே உற்று நோக்குவதைக் கண்டு சொன்னார்: "மாரி வந்தா இது றோட்டு இல்ல தம்பி, ஆறுதான்." புவியியல் நூலொன்றில் ஒரு பக்கத்தில் எழுதவேண்டிய செய்தியை அவர் ஒரே வரியில் கூறிவிட்டார்.

பெயர்கள் வரைந்த படம்

இப்பகுதியின் ஊர்ப் பெயர்களை ஒரு தாளில் எழுதிப் பாருங்கள். காரைதீவு, மல்லிகைத்தீவு; கல்முனை, மருதமுனை, வீரமுனை, பாலமுனை; அட்டப்பள்ளம், ஒலுவில், பொத்துவில். தீவு, முனை, பள்ளம், வில் என்று எங்கும் நீரின் பெயர்களே. 'வில்' என்பது நீர் தேங்கி நிற்கும் சதுப்பு நிலத்தைக் குறிக்கக் கிழக்கிலங்கையில் வழங்கும் சொல். காரைதீவு இன்று தீவன்று. வீரமுனை இன்று எக்கடலிலும் நீட்டிக்கொண்டிருக்கும் முனையுமன்று. ஆயின் இப்பெயர்களை இட்ட மக்கள் தங்கள் கண் முன்னே கண்டதைத்தான் பெயராக இட்டார்கள். இப்பெயர்களை உரிய இடங்களில் குறித்தால், அச்சிட்ட எந்தப் படத்திலும் இல்லாத ஒரு பழைய நிலப்படம் நம் முன் எழுகிறது. மேடுகள் தீவுகளாகவும், தாழ்நிலங்கள் நீர்ப்பரப்பாகவும், இடையிடையே ஓடங்கள் செல்லும் ஒரு நாடு அது.

அறிவியலும் இதற்கு முரண்படவில்லை. சில ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் இலங்கைக் கரையோரத்தில் கடல் மட்டம் இன்றையதினும் சற்று உயர்ந்திருந்தது என்பது ஆய்வாளர் கண்ட உண்மை. அலைகளும் கரையோர நீரோட்டமும் மணலைக் குவித்து நீண்ட மேடுகளாக்கின. மேட்டுக்கு உட்புறம் அகப்பட்ட நீர் களப்பாயிற்று. அக்களப்புக்குள் மலைநாட்டிலிருந்து இறங்கிவரும் ஆறுகள் ஆண்டுதோறும் வண்டலைக் கொண்டுவந்து கொட்டின. களப்பு சேறாயிற்று, சேறு வயலாயிற்று.

அவ்வேலையைச் செய்த பேராறு பட்டிப்பளை ஆறு. இன்று கல்லோயா என்ற பெயரே பெருவழக்கு. சிங்களத்தில் அதற்குக் கல்லாறு என்பது பொருள். பதுளைக்குக் கிழக்கேயுள்ள மலைகளில் தோன்றி, ஏறத்தாழ 108 கிலோமீற்றர் ஓடி, கல்முனைக்குத் தெற்கே இவ்வாறு கடலை அடைகிறது. மலையிலே அது கல்லை உருட்டும் ஆறு. சமவெளியை அடைந்ததும் வேகம் தளர்ந்து, கிளைகளாகப் பிரிந்து, சுமந்து வந்த மண்ணை இறக்கிவைக்கும் தாயாகிவிடுகிறது. சம்மாந்துறை, நிந்தவூர், அக்கரைப்பற்று வயல்களின் செழிப்பு முழுவதும் இந்த ஆறு பல நூற்றாண்டுகளாகச் சேர்த்துவைத்த செல்வமே.

துறையைக் கடல் கைவிட்ட கதை தமிழ் மக்களுக்குப் புதிதன்று. பாண்டியரின் முத்துத் துறையாய் விளங்கிய கொற்கை, தாமிரபரணி கொணர்ந்த மண்ணால் மேடிட்டு, இன்று கடலுக்குச் சில கிலோமீற்றர் உள்ளே வயல் சூழ்ந்த சிற்றூராக நிற்கிறது. அதன் பின்னே துறையாய் எழுந்த காயலுக்கும் அதே கதி நேர்ந்தது. துருக்கி நாட்டில் பண்டு பெருந்துறைமுகமாயிருந்த எபேசு நகரின் இடிபாடுகளும் இன்று கடலை விட்டு விலகியே கிடக்கின்றன. சம்மாந்துறையும் இந்த இனத்தைச் சேர்ந்ததே.

'சம்மான்' என்பது சிறுகலம் ஒன்றன் பெயர். சம்பான் என்றும் வழங்கும் இச்சொல்லைச் சீனரும் மலாயரும் தமிழரும் ஒருங்கே அறிவர். தென்னிலங்கையிலுள்ள அம்பாந்தோட்டையின் பெயரும் இதனோடு தொடர்புடையதே என்பர். சம்மான்கள் வந்து அடைந்த துறை சம்மாந்துறை. அவை ஆழ்கடலிலிருந்து நேரே வந்தனவா, வாவி வழியே வந்தனவா என்று கேட்டால், வாவி வழி என்பதே பெரிதும் பொருந்துவது. மட்டக்களப்பு வாவி ஐம்பது கிலோமீற்றருக்கு மேல் நீண்டு, தன் தென்முனையைக் கல்முனைக்கு மேற்கே, சம்மாந்துறைக்கு அணித்தாகத்தான் இன்றும் முடிக்கிறது. கிழக்கு மாகாணத்தில் வாவியைக் கடக்கும் மிதவைத் தெப்பத்துக்குப் 'பாதை' என்றே பெயர். நீரையே வழியாகக் கொண்டு வாழ்ந்த மக்களின் மொழியன்றோ அது!

கோயிலுக்கு வந்த கப்பல்

சம்மாந்துறையை ஒட்டிக் கிடக்கும் தமிழ்க் கிராமம் வீரமுனை. அங்கே சிந்தாயாத்திரைப் பிள்ளையார் என்ற பெயரோடு ஒரு கோயில் உள்ளது. அதன் தோற்றத்தைப் பற்றி வழங்கும் கதை இது. சோழ இளவரசியான சீர்பாததேவி, தன் கணவன் வாலசிங்கனோடும் பரிவாரங்களோடும் கப்பலில் வரும்போது, திருக்கோணமலைக்கு அருகே கப்பல் அசையாது நின்றுவிட்டதாம். காரணம் தேடிக் கடலுள் மூழ்கிப் பார்த்தவர்கள் ஒரு விநாயகர் திருவுருவைக் கண்டெடுத்தனராம். இக்கப்பல் தடையின்றிச் சென்று எவ்விடத்தில் தரிக்கிறதோ அவ்விடத்தில் கோயில் எடுப்பேன் என்று தேவி நேர்ந்துகொண்டாள். கப்பல் ஓடிவந்து வீரமுனையில் நின்றது. அங்கே கோயில் எழுந்தது. சீர்பாதர் என்ற குலத்தினர் தங்கள் வரலாற்றை இக்கதையிலிருந்தே தொடங்குவர்.

கதையை வரலாறாகக் கொள்வதா என்பது வேறு. ஆனால் இதில் ஒரு செய்தி புதைந்திருக்கிறது. வயல் நடுவிலுள்ள ஒரு கிராமத்துக்குக் கப்பல் வந்தது என்று தலைமுறை தலைமுறையாக ஒரு மக்கட் கூட்டம் கூறிவந்திருக்கிறது. துறை என்று முஸ்லிம் ஊரின் பெயர் சொல்கிறது. கப்பல் வந்தது என்று தமிழ் ஊரின் கதை சொல்கிறது. இரண்டு சாட்சிகளும் ஒரே நீரைத்தான் குறிக்கின்றன.

அரசும் அந்நியரும்

மட்டக்களப்பு என்ற பெயரே முதலில் இப்போதுள்ள நகரைக் குறிக்கவில்லை என்றும், சம்மாந்துறையை அடுத்த பகுதியே பழைய மட்டக்களப்பு என்றும், போர்த்துக்கேயர் வடக்கே புளியந்தீவில் கோட்டை கட்டிய பின்னரே பெயர் அங்கே இடம் பெயர்ந்தது என்றும் இப்பகுதியின் பழவரலாறு கூறுவோர் சொல்வர். களப்பு என்ற சொல்லின் பொருளை நினைந்தால் இக்கூற்று எளிதில் தள்ளத்தக்கதன்று.

இதைவிடப் பழைய செய்தியும் உண்டு. ஆற்றுக்குத் தெற்கே தீகவாபி என்னும் தூபி நிற்கிறது. துட்டகைமுனு மன்னனின் தம்பி சத்தாதிஸ்ஸன் இப்பகுதிக்கு அனுப்பப்பட்டு, வேளாண்மையை மேற்பார்த்தான் என்று மகாவம்சம் உரைக்கிறது. ஆகவே இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இவ்வாற்று வெளி நெற்களஞ்சியமாய் இருந்தது என்பது தெளிவு.

1602ஆம் ஆண்டு மே மாத இறுதியில் ஸ்பில்பேர்கன் என்ற ஒல்லாந்தக் கடற்றலைவன் மட்டக்களப்பை வந்தடைந்து, இங்கிருந்தே கண்டி மன்னன் விமலதர்மசூரியனைக் காணச் சென்றான். கரை முழுவதும் அப்போது கண்டி அரசின் மேலாணையை ஏற்ற சிற்றரசர் வசம் இருந்தது. மேற்குக் கரையில் தங்கள் ஆட்சிக்குட்பட்ட இடங்களிலிருந்து போர்த்துக்கேயர் முஸ்லிம்களை வெளியேற்றினர். அப்போது கண்டியை ஆண்ட செனரத் மன்னன் அம்மக்களை அரவணைத்து, 1626 அளவில் ஏறத்தாழ 4,000 பேரை மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றினான் என்பது போர்த்துக்கேயப் பாதிரியார் குவெய்ரோஸ் எழுதிவைத்த குறிப்பு. அதற்கு முன்னரே அரபு வணிகத் தொடர்பால் இக்கரையில் முஸ்லிம்கள் வாழ்ந்து வந்தனர். பின்வந்தோர் அவர்களோடு கலந்தனர். கடல் வணிகம் பறிபோன மக்கள் கையில் கலப்பை ஏறியது. இலங்கையின் ஏனைய பகுதி முஸ்லிம்களை வணிகராகவே நினைப்போர், சம்மாந்துறைக்கு வந்தால் பரம்பரை உழவராக அவர்களைக் காணலாம்.

1628இல் போர்த்துக்கேயர் புளியந்தீவுக் கோட்டையைக் கட்டினர். பத்தே ஆண்டுகளில், 1638 மே மாதத்தில், இரண்டாம் இராசசிங்கனுக்குத் துணையாக வந்த ஒல்லாந்தர் அதனைக் கைப்பற்றினர். 1766ஆம் ஆண்டு உடன்படிக்கையால் கரையோரம் முழுவதும் ஒல்லாந்தர் கைக்கு மாறியது. மூன்று தசாப்தங்களில் ஆங்கிலேயர் வந்தனர். கொடிகள் மாறின, ஆனால் சம்மாந்துறைப்பற்று, கரவாகுப்பற்று, நிந்தவூர்ப்பற்று என்ற பழைய நிலப்பிரிவுகள் மாறவில்லை. ஆள வந்தவன் எவனாயினும், நெல்லையும் நீரையும் அறிந்த உள்ளூர்த் தலைவர்களை விட்டு அவனால் ஆள இயலவில்லை.

வயலின் சட்டம், குடியின் சட்டம்

இப்பகுதியின் வயல்வெளிக்கு 'வட்டை' என்று பெயர். ஒவ்வொரு வட்டைக்கும் நீர் பங்கிட, வேலி பார்க்க, வாய்க்கால் திருத்த ஒரு வட்டவிதானையார் உண்டு. பெருநிலக்காரர் போடியார். அவர் நிலத்தில் வேலையாட்களுக்குத் தலைமை ஏற்று வெள்ளாமை செய்பவர் முல்லைக்காரர். பயிர் முற்றும் காலத்தில் யானைக்கும் பன்றிக்கும் காவலாக வயல் நடுவே வாடி அமைத்து இரவெல்லாம் விழித்திருப்பர். அவ்விரவுகளில் பிறந்த நாட்டார் கவிகள் கிழக்கிலங்கைத் தமிழின் அரிய செல்வம். காதலும் பிரிவும் கடன் துன்பமும் அவற்றில் நாலடியில் அடங்கிவிடும்.

அறுவடை முடிந்து சூடு மிதிக்கும் களத்திலே அமங்கலச் சொல் எதுவும் ஒலித்தலாகாது. களத்துக்கென்றே தனிச் சொற்கள் உண்டு. அங்கே நெல் நெல்லன்று, 'பொலி'. அந்தச் சொல்லை உச்சரிக்கும்போதே பெருக்கம் உண்டாக வேண்டும் என்ற வாழ்த்தும் கூடிவிடுகிறது. இன்று அறுவடை இயந்திரம் ஒரு பொழுதில் வேலையை முடித்து அடுத்த வயலுக்கு ஓடிவிடுகிறது. களம் போயிற்று, களத்து மொழியும் முதியோர் நினைவில் மட்டுமே நிற்கிறது.

மொழியும் தொழிலும் மட்டுமல்ல, குடும்ப அமைப்பிலும் இங்குள்ள தமிழரும் முஸ்லிம்களும் ஒருவரையொருவர் ஒத்திருப்பது வியப்பிற்குரியது. இரு சாராரிடையும் 'குடி' என்ற தாய்வழி அமைப்பு உண்டு. தாயின் குடியே பிள்ளையின் குடி; ஒரே குடியில் மணமில்லை. தமிழரிடையே காலிங்காகுடி, படையாண்டகுடி, கச்சிலாகுடி போன்ற பெயர்களைக் கேட்கலாம். கோயில் நிருவாகத்திலே குடிக்கு ஒருவர் பங்கேற்பது போல, பள்ளிவாசல் நிருவாகத்திலும் குடிக்கு ஒரு மரைக்காயர் அமர்வது பழைய வழக்கம். வீடும் வளவும் பெண்ணுக்கே சீதனமாகச் செல்லும். மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வந்து வாழ்வான். மகள் பிறந்த நாளிலிருந்தே தகப்பன் அவளுக்கு வீடு கட்டும் கவலையைத் தொடங்குவது இரு சாராருக்கும் பொது. முக்குவர் வழக்கச் சட்டம் என்று ஆங்கிலேயர் காலத்தில் இவ்வழக்கங்கள் நூலாகவும் எழுதப்பட்டன.

இவ்வொற்றுமைக்குக் காரணம் கூறும் ஒரு பழங்கதையும் உண்டு. முக்குவருக்கும் திமிலருக்கும் மூண்ட போரில் முஸ்லிம்கள் முக்குவருக்குத் துணைநின்று வென்றனர் என்றும், வெற்றிக்குப் பின் முக்குவப் பெண்களை மணந்து இங்கேயே தங்கினர் என்றும் அது சொல்லும். கதை எவ்வாறாயினும், வழக்கங்கள் ஒன்றாயிருப்பது கண்கூடு. சந்தையில் தமிழ்க் கமக்காரர் முஸ்லிம் நண்பரைக் 'காக்கா' என்று அழைப்பார். அவரோ இவரை 'அண்ணன்' என்பார். இரண்டும் மூத்த உடன்பிறந்தானைக் குறிக்கும் சொற்களே.

ஆற்றுக்கு அணை, நீருக்குப் பங்கு

ஆற்றை நம்பிய நாட்டில் ஆற்றைக் கட்டுவதே அரசியலின் முதற் பாடம். 1855 முதல் 1860 வரை தேசாதிபதியாயிருந்த சேர் ஹென்றி வார்ட், இறக்காமம், அம்பாறை முதலிய பழங்குளங்களைத் திருத்த முனைந்தார். அதனால் கைவிடப்பட்ட வயல்கள் மீண்டும் பச்சையாயின. நாடு விடுதலை பெற்ற மறுஆண்டு, 1949இல், கல்லோயா அபிவிருத்திச் சபை நிறுவப்பட்டது. இங்கினியாகலையில் ஆற்றைக் குறுக்கே மறித்து எழுந்த அணையின் பின்னே சேனாநாயக்க சமுத்திரம் விரிந்தது. அதன் கொள்ளளவு 770,000 ஏக்கர் அடி. மலைவெள்ளம் அடங்கியது, சிறுபோகத்துக்கும் நீர் கிடைத்தது. அதே திட்டத்தின் குடியேற்றங்கள் மாவட்டத்தின் மக்கட் பரம்பலையும் மாற்றின. அதனால் எழுந்த மனக்கசப்பும் 1956இல் அப்பள்ளத்தாக்கில் மூண்ட கலவரமும் வரலாற்றில் மறைக்க முடியாதவை. 1961இல் மட்டக்களப்பின் தென்பகுதி அம்பாறை மாவட்டமாகத் தனியே பிரிக்கப்பட்டது.

ஆனால் அதே கால்வாயின் கரையில் நிகழ்ந்த வேறொரு நிகழ்ச்சியையும் மாணவர்கள் அறிதல் வேண்டும். நாளடைவில் கால்வாய்கள் பழுதுற்று, தலைமடையில் நீர் வீணாக, கடைமடை வறண்டது. இடதுகரைக் கால்வாயின் தலைப்பகுதியில் இருந்தோர் பெரும்பாலும் சிங்கள உழவர். கடைப்பகுதியில் இருந்தோர் தமிழ் பேசும் உழவர். 1981ஆம் ஆண்டு நீர்த்தேக்கம் போதிய அளவு நிரம்பாத காலத்தில், உழவர்களைச் சிறு குழுக்களாக ஒன்றுகூட்டும் முயற்சி அங்கே தொடங்கியது. சில வாரங்களிலேயே தலைமடை உழவர்கள் வாய்க்காலைத் துப்புரவு செய்து, முறைவைத்து நீர் பாய்ச்சி, மிச்சப்பட்டதைக் கடைமடைக்கு விட்டனர். அமெரிக்கக் கோர்னெல் பல்கலைக்கழகப் பேராசிரியர் நோர்மன் அப்ஹோவ் இதைப் பற்றி ஒரு முழு நூலே எழுதி 1992இல் வெளியிட்டார். பாசன நிருவாகம் பயிலும் பல நாட்டு மாணவர்கள் இன்று கல்லோயாவின் பெயரை அறிவது இதனால்தான். மொழி தெரியாத அயலானுக்கும் தண்ணீரின் அருமை தெரியும். பகிர்ந்து கொள்வதற்கு அந்த ஓர் அறிவே போதுமானதாயிற்று.

துயரங்களின் நாட்குறிப்பு

இவ்வூர்களின் வரலாற்றில் கண்ணீர்ப் பக்கங்களும் உண்டு. 1978 நவம்பர் 23ஆம் நாள் இரவு வீசிய சூறாவளி, தென்னைகளையும் கூரைகளையும் வாரிச் சென்றது. 1990 ஆகஸ்ட் 3ஆம் நாள் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுகையில் நின்ற முஸ்லிம்கள் கொல்லப்பட்டனர். அதே மாதம் 12ஆம் நாள், கப்பல் வந்து தரித்ததாகச் சொல்லப்படும் அந்த வீரமுனைக் கோயிலில் தஞ்சம் புகுந்திருந்த தமிழர் கொல்லப்பட்டனர். தொழுமிடம் கூடக் காவலாகாத அந்த நாட்களில், ஒரே வாய்க்காலில் நீர் பாய்ச்சிய ஊர்கள் ஒன்றையொன்று அஞ்சின. வயல்கள் தரிசாயின. வீட்டை விட்டோடியவர்கள் மீண்டுவந்து உழ ஆண்டுகள் பல சென்றன.

2004 டிசம்பர் 26ஆம் நாள் காலை ஆழிப்பேரலை எழுந்தது. இலங்கையில் மிகுதியான உயிர்களை இழந்தது அம்பாறை மாவட்டமே. பத்தாயிரத்துக்கு மேற்பட்டோர் மாண்டனர். மருதமுனை, கல்முனை, சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர் என்று அந்த மணல் மேட்டின் ஊர்கள் அனைத்தும் அலைக்கு இரையாயின. தப்பியோர் மேற்கு நோக்கி ஓடினர். கடல் விலகிப் போன சம்மாந்துறை அன்று அவர்களுக்குத் துறையாயிற்று. பள்ளிக்கூடங்களும் வீடுகளும் தஞ்சம் அளித்தன. வந்தவன் எந்த மதத்தவன் என்று கேட்க அன்று எவருக்கும் நேரமில்லை.

இருபது ஆண்டு கழித்து, 2024 நவம்பர் 26ஆம் நாள், மழை வெள்ளம் காரைதீவுக்கும் மாவடிப்பள்ளிக்கும் இடைப்பட்ட வீதியைக் கடந்து பாய்ந்தது. நிந்தவூரில் அரபுக் கல்லூரியொன்றில் பயின்ற சிறுவர்கள் உழவு இயந்திரப் பெட்டியில் ஏறி அவ்வீதி வழியே வீடு நோக்கிச் சென்றனர். வெள்ளம் அதைப் புரட்டியது. மாணவர் பலர் மீளவில்லை. ஏனைய நாட்களில் நாம் வீதியென்று அழைக்கும் அந்த இடம், பழைய நீரின் வழி. அதன்மீது நாம் தார் ஊற்றினோம். ஆனால் நீர் தன் வழியை மறக்கவில்லை.

மாணவர்க்கு ஒரு வேலை

நிலநூலைக் கற்கும் மாணவர் பலர், தொலைநாட்டு ஆறுகளின் நீளத்தை மனப்பாடம் செய்வர்; தம் ஊரில் மழைநீர் எங்கே போய்ச் சேர்கிறது என்று கேட்டால் விழிப்பர். இன்று நிலைமை சற்று நம்பிக்கையளிக்கிறது. ஒலுவிலில் தென்கிழக்குப் பல்கலைக்கழகம் இயங்குகிறது. அதன் பிரயோக விஞ்ஞான பீடம் சம்மாந்துறையிலேயே அமைந்திருக்கிறது. நீரையும் மண்ணையும் அளக்கத் தெரிந்த இளைஞர் அவ்வூரிலேயே உருவாகின்றனர். அவர்கள் கருவிகளோடு செல்லுமுன் ஒரு குறிப்பேட்டோடு முதியவர்களிடம் செல்லுதல் நலம். ஒவ்வொரு வட்டைக்கும், ஓடைக்கும், பள்ளத்துக்கும் பெயர் உண்டு. இறங்குதுறை, தோணா, வெட்டுவாய்க்கால் என்று முதியவர் சொல்லும் ஒவ்வொரு பெயரும் எங்கே வீடு கட்டலாகாது, எங்கே பாலம் உயர வேண்டும், எந்த மடையைத் திறந்தால் எந்த ஊர் நனையும் என்பதற்கு ஓர் எச்சரிக்கை.

பெயர்களைத் திரட்டுவோர் ஒரே ஊரில் நின்றுவிடலாகாது. துறையின் பெயரைச் சம்மாந்துறையிலும், கப்பலின் கதையை வீரமுனையிலும், தீவின் பெயரைக் காரைதீவிலும், அணையின் செய்தியை இங்கினியாகலையிலும் கேட்க வேண்டும். நான்கையும் ஒன்று சேர்த்தால்தான் ஆற்றின் முழுப்படம் கிடைக்கும். ஒருவர் கையிலுள்ள துண்டு மற்றவர் துண்டின்றி நிரம்பாது. மலையில் பெய்த மழை சிங்களக் கிராமத்தின் வாய்க்காலில் ஓடி, முஸ்லிம் வட்டையை நனைத்து, தமிழ் ஊரின் ஓரமாகக் கடலுக்குச் செல்கிறது. வழியில் எவரும் அதை முழுவதும் தமக்கென்று நிறுத்திக்கொள்ள இயலாது. நிறுத்தினால் அங்கேயே வெள்ளமாகும்.

சம்மான்கள் இனி அத்துறைக்கு வரப்போவதில்லை. ஆனால் அவை வந்த நீர் ஒவ்வொரு மாரியிலும் வருகிறது. அதை அறிந்து வரவேற்பதும், அளந்து பகிர்வதும், அதன் வழியை அடைக்காதிருப்பதும் கரையில் வாழும் நம் கடமை.